மேல்தண்ணி நாட்டுத் திம்மிலி

மைசூர் சரஸ்வதிபுரத்தில் பெண்கள் தங்கும் விடுதி ஒன்றில் நஞ்சம்மா சமையல் செய்கிறாள். எழுபத்திரண்டு பெண்களுக்கு மூன்று வேளை. பதினெட்டு வருஷத்தில் அவள் போடும் உப்பைப் பற்றி ஒரு பெண்கூட வாய் திறந்ததில்லை. இட்லி கல்லாக இருக்கிறது என்று சொல்லியிருக்கிறார்கள். காபி தண்ணீராக இருக்கிறது என்று வார்டனிடம் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். சாம்பாரில் வண்டு கிடக்கிறது என்று ஒருத்தி போட்டோவே எடுத்துவிட்டாள், பெரிதாக்கிப் பார்த்தால் கடுகு. உப்பில் மட்டும் யாரும் குறை கண்டதில்லை. கொதிக்கிற குழம்பில் கரண்டியை விட்டு, இடது உள்ளங்கையில் ஒரு சொட்டு விழ வைத்து, நாக்கு நுனியால் தொட்டு, கண்ணை ஒரு தரம் மூடித் திறப்பாள். அத்தோடு சரி. அந்த விஷயத்தில் அவளுக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும், கர்வப்பட வேறு எதுவும் அவளுக்குக் கிடைக்கவில்லை.

அப்படிப்பட்டவளின் சமையலை ஓர் ஆள் தொடமாட்டேன் என்றான். வேறு யாருமில்லை, கூடப் பிறந்த தம்பி.

பழனிமுத்து டைல்ஸ் ஒட்டுகிறவன். மைசூரில் பாதி வீடுகளின் குளியலறைச் சுவரில் அவன் கை பட்டிருக்கும். வேலை செய்யும்போது ஒரு பக்கக் கன்னத்தில் புகையிலையை அடக்கிக்கொள்வது இருபது வருஷப் பழக்கம். நாக்கின் ஓரத்தில் ஒரு புண் வந்தது. ஆறவில்லை. பெரிய ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். முப்பத்து மூன்று நாள் கதிர் வைத்தியம், அதாவது கரண்ட், வைத்தார்கள். கட்டி போய்விட்டது, கூடவே ருசியும் போய்விட்டது. வாயில் எதை வைத்தாலும் மண். திரும்பி வரும், ஆனால் மாதக்கணக்கில் ஆகும் என்றார் டாக்டர். அதற்குள் அறுபத்தெட்டு கிலோ இருந்தவன் நாற்பத்து மூன்றரைக்கு வந்து நின்றான்.

அடுத்த திங்கட்கிழமை பார்ப்போம், நாற்பத்து மூன்றுக்குக் கீழே இறங்கினால் மூக்கு வழியாகக் குழாய் போட வேண்டியதுதான் என்று சொல்லி அனுப்பினார்கள். பக்கத்துப் படுக்கையில் அந்தக் குழாயோடு படுத்திருந்த ஆளைப் பழனிமுத்து பார்த்திருக்கிறான். வீட்டுக்கு வந்ததும் தன் பெண்டாட்டி வினிதாவிடம் அமைதியாகச் சொன்னான், குழாய் என்றால் நான் இனி ஆஸ்பத்திரிப் படியே ஏறமாட்டேன் என்று. வினிதா கார்மெண்ட்ஸில் தைக்கிறாள், காலையில் போனால் சாயங்காலம்தான் வருவாள். அவள் நாத்தனார் நஞ்சம்மாவுக்குப் போன் செய்து, "அண்ணி, எனக்குப் பயமா இருக்குது," என்று மட்டும் சொன்னாள்.

விடுதியில் காலை டிபனும் மதியச் சாப்பாடும் முடித்து வைத்தால் பத்து மணியிலிருந்து மூன்று மணி வரை நஞ்சம்மாவுக்கு ஓய்வு. அந்த ஓய்வில் பஸ் பிடித்துத் தம்பி குடியிருக்கும் கேசரேவுக்குப் போனாள். ராகிக் கஞ்சி போனது, குழைத்த தயிர் சாதம் போனது, பருப்புத் தண்ணீர், காரமில்லாத சாம்பார், ஆட்டுக்கால் சூப், கடையில் விற்கும் சத்துப் பவுடர் கலந்த பால் எல்லாம் போயின. வாய்ப் புண்ணுக்கு எரியும் என்று டாக்டர் சொல்லியிருந்ததால் எதிலும் உப்பு கிடையாது. நஞ்சம்மா உப்பில்லாமல் சமைக்கிறாள் என்றால் அவள் எவ்வளவு தூரம் இறங்கி வந்திருக்கிறாள் என்று பார்த்துக்கொள்ளுங்கள். பழனிமுத்து ஒவ்வொன்றிலும் இரண்டு வாய் வைத்துவிட்டுத் தட்டைத் தள்ளினான்.

புதன்கிழமை அவள் பொறுமை இழந்தாள். வீம்புக்குப் பட்டினி கிடக்கிறாய், அந்தப் பெண்ணைத் தெருவில் நிறுத்தப் போகிறாய், இன்னும் என்னென்னவோ கத்தினாள். அவன் கோபித்துக்கொள்ளவில்லை.

"வீம்பு இல்லக்கா. சாம்பாருன்னு சொல்லித்தான தர்ற. மூக்குக்குச் சாம்பார் வருது, வாயில வெச்சா மண்ணு வருது. ஒவ்வொரு வாயும் ஏமாத்தறாப்பல இருக்குது. எத்தன தடவ ஏமாறட்டும்?"

நஞ்சம்மா வெளியே போனாள். மாடிப்படியில் உட்கார்ந்து முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். எழுபத்திரண்டு பேருக்குச் சோறு போட்டு என்ன, இந்த ஒருத்தனுக்குப் போட முடியவில்லையே என்று இருந்தது.

வியாழக்கிழமை அவள் போனபோது அவன் மொட்டைமாடியில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். பக்கத்து மனையில் வீடு கட்டுகிறார்கள், முந்தின நாள்தான் கூரைக்கு மோல்டு போட்டிருந்தார்கள். அந்தக் கூரை இவன் மாடிக்கு ஓராள் உயரம் கீழே இருந்தது. காங்கிரீட் காயாமல் இறுக வேண்டும் என்பதற்காக அதன்மேல் சிமெண்டுக் கலவையால் குட்டிக் குட்டி வரப்புகள் கட்டி, கட்டம் கட்டமாகத் தண்ணீர் நிறுத்தியிருந்தார்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஒரு துண்டு வானம் கிடந்தது.

"அக்கா," என்றான் பழனிமுத்து, திரும்பாமல். "நாடு வந்துருச்சு பாரு."

நஞ்சம்மா கையிலிருந்த கஞ்சித் தூக்கைக் கீழே வைத்தாள். முப்பத்தைந்து வருஷமாக அந்த வார்த்தையை அவர்கள் இருவரும் சொன்னதில்லை.

அவர்கள் அப்பா கரியப்பனும் அம்மா பாப்பம்மாளும் ராமாபுரத்திலிருந்து மைசூருக்குக் கட்டட வேலைக்கு வந்தவர்கள். எந்த வீடு எழும்புகிறதோ அதன் ஓரத்தில் தகரக் கொட்டகை, அது முடிந்தால் அடுத்த மனையில் அடுத்த கொட்டகை. பிள்ளைகள் இருவருக்கும் விளையாட இடம் என்று ஒன்று உண்டென்றால் அது தண்ணீர் நிறுத்திய கூரைதான். இறுகும் வரை மேலே ஆள் ஏற மாட்டார்கள், சாமான் ஏற்ற மாட்டார்கள். பதினைந்து, இருபது நாள் அந்தக் கூரை முழுசும் அவர்களுக்கே சொந்தம். அதற்கு மேல்தண்ணி நாடு என்று பெயர் வைத்தார்கள். ஒவ்வொரு கட்டமும் ஒரு சீமை. வரப்புமேல் கால் வைத்துத்தான் நடக்க வேண்டும், தண்ணீரில் மிதித்தால் அந்தச் சீமை ஜனங்கள் நசுங்கிப் போவார்கள். பழனிமுத்துவுக்கு ஏழு வயது, அழுவான், ஆகவே அவன் ராஜா. மந்திரி, சேனாதிபதி, காவல்காரன், சமையல்காரி எல்லாம் பத்து வயது நஞ்சம்மா.

தண்ணீரை வடிக்கும் நாளில் நாடு அந்தக் கூரையை விட்டுக் கிளம்பி வேறு கூரையைத் தேடிப் போகும். கிளம்புகிற நாட்டுக்கு விருந்து வைக்காமல் அனுப்பலாமா? அதற்குத்தான் திம்மிலி. கொக்கின் நிழல் மூன்று, மேக ஓரத்து வெள்ளை ஒரு பிடி, காங்கிரீட் மிக்சர் மிஷினின் கொட்டாவி ஒன்று, பிறகு அன்றைக்குக் கண்ணில் படுவது எதுவோ அது. கொத்தனாரின் கரணையால் இடப்பக்கமாக மட்டும் கிளற வேண்டும். பாதாம் மர இலையில் வைக்க வேண்டும். ஒரு தடவை செய்ததுபோல் இன்னொரு தடவை செய்யக் கூடாது. ராஜா கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டு முடித்து "நாடு நெறஞ்சுது" என்று சொல்ல வேண்டும். ருசி எப்படி என்று மட்டும் ராஜா வாய் திறக்கக் கூடாது, திறந்தால் தண்ணீர் வற்றி நாடு அங்கேயே முடிந்துவிடும். சமைத்தவள் ருசி பார்க்கவே கூடாது. இந்தக் கடைசிச் சட்டம் நஞ்சம்மா போட்டது. இலையில் சில நாள் வெறும் தண்ணீர்தான் இருக்கும், சில நாள் டீக்கடைப் பன்னில் பாதியோ ஒரு கை பொரியோ இருக்கும். இருவருக்குப் பத்தாது. சமையல்காரி சாப்பிடக் கூடாது என்று சட்டம் இருந்தால் தம்பி கேள்வி கேட்கமாட்டான் அல்லவா?

"திம்மிலி கெடைக்குமா?" என்று பழனிமுத்து இப்போது, நாடு கிளம்பும் நாள் வராமலே, கேட்டான். கேலியாகத்தான் கேட்டான். ஆனால் இரண்டு மாதத்தில் அவன் வாய்விட்டுக் கேட்ட முதல் சாப்பாடு அது, நஞ்சம்மா கேலியாக எடுத்துக்கொள்ளவில்லை.

நேரே வினிதாவின் அடுப்படிக்கு இறங்கினாள். கையில் இருக்கும் வித்தை எல்லாவற்றையும் அதில் இறக்கினாள். ரவையை நெய்யில் வறுத்தாள், பால் ஊற்றிக் குழைய விட்டாள், எப்போதோ யாரோ கொடுத்த குங்குமப்பூவை டப்பாவைத் தட்டி உதறினாள், முந்திரியைப் பொடித்து ஜல்லி என்று சொல்லிக்கொண்டு தூவினாள். ஒரு சொட்டு இடது உள்ளங்கைக்கு வந்தது. நாக்கு தொட்டது. கண் மூடித் திறந்தது. பிரமாதமாக இருந்தது. வாசலில் நின்ற பாதாம் மரத்தில் இலை பறித்துக் கழுவி, அதில் வைத்து மேலே கொண்டுபோனாள்.

பழனிமுத்து முறையாகக் கண்ணை மூடிக்கொண்டு ஒரு வாய் வைத்தான். வெகுநேரம் அதை அங்குமிங்கும் புரட்டினான். கண்ணைத் திறந்தபோது அவன் முகம் பாவமாக இருந்தது.

"கேசரிபாத்து," என்றான். "மனசு கேசரிபாத்துன்னு காத்துட்டு இருக்குது. வாயில மண்ணு." பிறகு அவளைப் பார்த்துக் கேட்டான்: "ருசி பாத்தியா?"

பொய் சொல்ல அவளுக்கு வரவில்லை. பார்த்தேன் என்றாள்.

"அப்பறம் எப்படிக்கா அது திம்மிலி ஆகும்?"

திரும்பிப் போகும் பஸ்ஸில் அவளுக்கு முதலில் வந்தது கோபம்தான். சாகக் கிடக்கிறவன் சட்டம் பேசுகிறான் பாரு என்று முணுமுணுத்துக்கொண்டே வந்தாள். சரஸ்வதிபுரம் நெருங்குவதற்குள் கோபம் ஆறியது, ஆறின இடத்தில் ஒரு விஷயம் உறைத்தது. இத்தனை நாளும் அவள் தன் நாக்குக்குச் சமைத்திருக்கிறாள். அவளுக்கு எது நன்றாக இருந்ததோ அதைத்தான் தம்பிக்கு எடுத்துப் போயிருக்கிறாள். நன்றாக வந்த சாம்பார் சாம்பாரை ஞாபகப்படுத்தும், நன்றாக வந்த கேசரி கேசரியை ஞாபகப்படுத்தும், அந்த ஞாபகம்தான் அவனை ஏமாற்றுகிறது. எதையுமே ஞாபகப்படுத்தாத ஒரு சாப்பாடு வேண்டும். அது எப்படி இருக்க வேண்டும் என்று யாருக்கும் தெரியாது, ஆகவே அது தப்பாகவும் இருக்க முடியாது.

வெள்ளிக்கிழமை விடுதி அடுப்பில் பெண்களின் புளியோதரைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன வாணலியை வைத்தாள். கொக்கின் நிழலுக்குக் கறுப்பு எள்ளை அரைத்து மூன்று கரண்டி விட்டாள். மேக வெள்ளைக்குத் தேங்காய்ப்பால். கண்ணில் பட்டவை என்று பட்டர் ஃப்ரூட் ஒன்று, வெந்த பூசணிக்காய், பச்சைப்பயறு மாவு, வெண்ணெய் ஒரு பெரிய உருண்டை. கொட்டாவிக்கு என்ன போடுவது என்று தெரியாமல் நின்றாள். நாலு மணிக்கே எழுந்தவள் அல்லவா, நிற்கும்போதே வாணலிக்கு மேலாகப் பெரிதாக ஒரு கொட்டாவி வந்தது. அதையே கணக்கில் வைத்துக்கொண்டாள்.

கடைத்தெருவில் புதிதாக வாங்கிய கரணையால் இடப்பக்கமாகக் கிளறினாள். சேர்ந்து வந்தபோது சிமெண்டு நிறத்தில் பளபளவென்று இருந்தது. பழக்க தோஷம், இடது கை தானாக விரிந்து முன்னால் வந்தது. நஞ்சம்மா அந்தக் கையை இழுத்து இடுப்பில் செருகிக்கொண்டாள். வீட்டிலும் விடுதியிலுமாக முப்பது வருஷம் சமையல் செய்தவளுக்கு ருசி பார்க்காமல் ஒரு பண்டத்தை இறக்குவது எவ்வளவு கஷ்டம் என்று சமைக்கிறவர்களைத்தான் கேட்க வேண்டும்.

அன்றைக்கு அவள் புருஷன் தொட்டையன் தன் கூட்ஸ் ஆட்டோவிலேயே அவளைக் கேசரேவில் இறக்கிவிட்டான். தூக்கைத் திறந்து பார்த்துவிட்டு, இந்தக் கலவை எந்த மனைக்கு என்று கேட்டான்.

மாடியில் பழனிமுத்து இலையை இரண்டு கையாலும் வாங்கினான். நிறத்தைப் பார்த்தான். கண்ணை மூடிக்கொண்டு ஒரு வாய் வைத்தான். நஞ்சம்மா பக்கத்துக் கூரைத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நின்றாள், அவன் முகத்தைப் பார்க்கத் தைரியம் இல்லை. இரண்டாவது வாய் போனது, மூன்றாவது போனது. ஸ்பூன் இலையைச் சுரண்டுகிற சத்தம் கேட்டபோதுதான் திரும்பினாள்.

"நாடு நெறஞ்சுது," என்றான் பழனிமுத்து.

மூன்று மணிக்குள் இன்னொரு இலை நிறையச் சாப்பிட்டான். சனிக்கிழமை பீட்ரூட்டும் அரிசிக் கஞ்சியும் வேர்க்கடலையும் சேர்ந்து வேறொரு திம்மிலி வந்தது. ஞாயிற்றுக்கிழமை வினிதாவுக்கு லீவு. ராஜா கை கழுவத் தண்ணீர் விடும் உத்தியோகத்தை அவளுக்குக் கொடுத்தார்கள். அக்காவுக்கும் தம்பிக்கும் சேர்ந்து பித்துப் பிடித்துவிட்டது என்றுதான் அவள் முதலில் நினைத்தாள். காலியான இலையைப் பார்த்ததும் சொம்பைக் கீழே வைத்துவிட்டு அழ ஆரம்பித்தாள்.

திங்கட்கிழமை எடை மிஷின் நாற்பத்து நான்கு காட்டியது. குழாய்ப் பேச்சு நின்றது. என்ன கொடுத்தீர்கள் என்று நர்ஸ் கேட்டாள். திம்மிலி என்றாள் நஞ்சம்மா. அது சிறுதானியமா என்று நர்ஸ் கேட்க, ஆமாம் என்று சொல்லிவிட்டாள். பைலில் அப்படியே எழுதியிருக்கிறது, வேண்டுமானால் பார்க்கலாம்.

நாடு இல்லாத இடத்தில் திம்மிலி சாப்பிட முடியாது என்பதால் பக்கத்துக் கூரையில் தண்ணீர் வடிந்ததும் புதிய சிக்கல் வந்தது. அதைத் தீர்த்தது தொட்டையன். சிமெண்டு மூட்டை ஏற்றி இறக்குகிறவனுக்கு எந்த மனையில் என்றைக்கு மோல்டு என்பது தெரியும். அதிகம் பேசாத ஆள், சாப்பிடும்போது தட்டைப் பார்த்தபடியே, நாளைக்கு விஜயநகர், அடுத்த வாரம் போகாதி என்று சொல்லிவிட்டு எழுந்து போவான். மதியத்தில் மச்சினனையும் பெண்டாட்டியையும் ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு போய் இறக்குவான். மேஸ்திரிகள் எல்லாரும் பழனிமுத்துவோடு வேலை செய்தவர்கள், யாரும் ஏன் என்று கேட்கவில்லை. முதல் இரண்டு கூரைக்கு அவனைத் தொட்டையன் தாங்கிப் பிடித்து ஏற்றினான். மூன்றாவதில் சுவரைப் பிடித்துக்கொண்டு அவனே ஏறினான். ஆறாவதில் தூக்கையும் அவனே எடுத்துக்கொண்டான்.

இப்படி ஐந்து மாதம் ஓடியது, நஞ்சம்மா ஒரு திம்மிலியைக்கூட நாக்கில் வைக்கவில்லை. விடுதிப் பெண் ஒருத்தி ஒரு நாள் வாணலியில் விரலை விட்டு நக்கிவிட்டு, ஆன்ட்டி இது என்ன சட்னி என்று முகத்தைச் சுளித்தாள். அது உனக்கில்லை என்று விரட்டினாள்.

தை மாசத்தில் ஒரு நாள். போகாதியில் ஒரு பெரிய வீடு, கூரையில் நாற்பது கட்டம் இருக்கும். இரண்டு கொக்குகள் வரப்புமேல் நின்றன. பழனிமுத்து படிக்கட்டுச் சுவரோரமாக உட்கார்ந்து இலையை மடியில் வைத்துக்கொண்டான். இப்போது அவன் ஐம்பத்தொரு கிலோ, சட்டை தோளில் நிற்கிறது. கண்ணை மூடினான். ஒரு வாய் வைத்தான். மென்றுகொண்டிருந்தவன் நிறுத்தினான்.

நஞ்சம்மா ஓரடி முன்னால் வந்தாள். பழையபடி ஆகிவிட்டதா? அவன் இன்னொரு வாய் வைத்தான், சின்னதாக. நாக்கை மெதுவாக உள்ளேயே சுழற்றினான். நாடு நிறைந்தது என்று சொல்ல வேண்டியவன் சொல்லாமல் கண்ணைத் திறந்தான். கண் நிறையத் தண்ணீர்.

"அக்கா," என்றான். "உப்பு இல்ல."

பதினெட்டு வருஷத்தில் யாரும் அவளிடம் சொல்லாத வார்த்தை. அவளுக்குச் சட்டம் ஞாபகம் வந்தது. ராஜா ருசியைச் சொல்லிவிட்டான், நாடு முடிந்துவிட்டது. காலடியில் கட்டங்களில் தண்ணீர் அப்படியேதான் நின்றது. அவன் தலையை இழுத்துத் தன் வயிற்றோடு சேர்த்துக்கொண்டு, கீழிருந்து மேஸ்திரி பார்க்கிறான், சித்தாள்கள் பார்க்கிறார்கள் என்ற கூச்சம் இல்லாமல் வாய்விட்டு அழுதாள்.

அழுது முடித்ததும் மூக்கைத் துடைத்துக்கொண்டு, சமையல்காரி கேட்க வேண்டியதைக் கேட்டாள்.

"எவ்வளவு பத்தல?"

"ஒரு சிட்டிகை, அவ்ளோதான்."

அவள் அவன் கையிலிருந்து ஸ்பூனை வாங்கினாள். இலையில் மிச்சம் இருந்ததில் கொஞ்சம் எடுத்து, ஐந்து மாதமாகத் திம்மிலிக்கு மட்டும் இடுப்பில் செருகி வைத்திருந்த இடது கையை நீட்டி, உள்ளங்கையில் விட்டு நாக்கால் தொட்டாள். கண்ணை மூடினாள். வெகுநேரம் திறக்கவில்லை.

"உப்பு மட்டுமா பத்தல?" என்றாள். "பாவி, இதையா அஞ்சு மாசமா தின்ன?"